நல்லவனுக்கு வாக்கப்பட்டவள்

'பதேர் பாஞ்சாலி' என்றதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வருகிறது? படம் பார்த்தவர் என்றால் ரயில். வெள்ளை வெளேரென்று நாணல் பூத்துக் கிடக்கிற வெளி, ஓடுகிற அக்கா தம்பி, தூரத்தில் கரும்புகை. பார்க்காதவர் என்றால், 'சத்யஜித் ரே எடுத்த வங்காளப் படம்தானே... ரொம்ப ஸ்லோ, ஒரே ஏழ்மையாமே!' என்பீர்கள்.

ரெண்டுமே தப்பில்லை. ஆனால், அந்த ரயிலை நாம் கண்ணால் பார்ப்பது ஒரே ஒரு காட்சியில். சத்தமாகத்தான் அங்கங்கே வந்து போகும். படம் முழுக்க வருவது வேறொருத்தி. கிணற்றடியில், அடுப்படியில், வாசல் தூணில் சாய்ந்தபடி, இன்றைக்குப் பொழுது எப்படிப் போகும் என்று கணக்குப் போட்டுக்கொண்டே இருக்கிற ஒருத்தி. அவள் பெயர் சர்வஜயா. அப்பு, துர்காவின் அம்மா. அவளைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. பேசினாலும், 'பாவம், ஆனா கொஞ்சம் கடுகடுப்பானவ' என்று முடித்துவிடுகிறார்கள்.

அந்தக் கடுகடுப்பைப் பற்றித்தான் இந்த வாரம்.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நிச்சிந்திபூர் என்ற வங்காள கிராமம். இடிந்த வீடு. புரோகிதம் பார்க்கிற ஹரிஹர், மனைவி சர்வஜயா, மகள் துர்கா, மகன் அப்பு. கூடவே, பல் போன, முதுகு வளைந்த ஒரு கிழவி. ஹரிஹருக்கு அக்கா முறை. பிள்ளைகளுக்கு 'பிஷி', அதாவது அத்தை. பெயர் இந்திர். வீட்டை ஒட்டி ஒரு பழத்தோட்டம். ஒரு காலத்தில் இவர்களுடையது. இப்போது பக்கத்து வீட்டுக்காரர்களுடையது. துர்கா அங்கே கொய்யா திருடிக்கொண்டு வந்து அத்தைக்குக் கொடுக்கிறாள். பக்கத்து வீட்டு அம்மாள் ஊருக்கே கேட்கிற மாதிரி ஏசுகிறாள். தண்ணீர் எடுக்கப் போன சர்வஜயா அதைக் கேட்டுக்கொண்டே குடத்தோடு நடந்து வருகிறாள். படம் தொடங்குவதே இப்படித்தான். மகள் திருடி, அம்மா தலைகுனிந்து.

சரி, அந்தத் தோட்டம் ஏன் கைவிட்டுப் போனது?

இங்கேதான் ஹரிஹரைப் பார்க்க வேண்டும். ஹரிஹர் நல்லவன். யாரையும் அதிர்ந்து பேசாதவன். படித்தவன், பாட்டும் நாடகமும் எழுதுகிறவன். என்றைக்காவது ஒருநாள் தன் எழுத்தை உலகம் கொண்டாடும் என்று நம்புகிறவன். சகோதரன் பட்ட கடனுக்காகத் தோட்டத்தைக் கேட்டார்கள். 'கடன் நிஜம்தானா?' என்றுகூடக் கேட்காமல் விட்டுக்கொடுத்துவிட்டான். மூன்று மாதச் சம்பளம் பாக்கி. முதலாளியிடம் கேட்கச் சொல்கிறாள் மனைவி. 'நச்சரித்தால் நன்றாக இருக்குமா?' என்கிறான். எவ்வளவு மென்மையான மனுஷன்!

அந்த மென்மைக்கு யார் பணம் கட்டுகிறார்கள்? அதுதான் இந்தப் படத்தில் நான் பார்க்கிற கேள்வி. ஒரு வீட்டில் ஒருத்தர் எப்போதும் நல்லவராகவே இருந்துகொண்டிருந்தால், இன்னொருத்தர் கெட்டவராக ஆகத்தான் வேண்டியிருக்கிறது. கடன்காரனுக்குப் பதில் சொல்லவும், பக்கத்து வீட்டு ஏச்சைக் கேட்கவும், 'அரிசி இல்லை' என்று சொல்லவும், கிழவியை 'போதும், போ' என்று சொல்லவும் ஓர் ஆள் வேண்டும். அந்த வேலை சர்வஜயாவுக்கு வந்துவிட்டது. ஹரிஹர் நல்ல பெயரோடு தூங்குகிறான். இவள் கெட்ட பெயரோடு விழித்திருக்கிறாள்.

நம்மில் பல வீடுகளிலும் இதுதானே கதை? 'எங்கப்பா தங்கமான மனுஷர், அம்மாதான் கொஞ்சம்...' என்று இழுக்கிறோமே, அந்த 'கொஞ்சம்' எங்கிருந்து வந்தது என்று யோசித்திருக்கிறோமா?

எனக்குத் தெரிந்து, இந்தியப் படங்களில் ஒரு தம்ளர் தண்ணீரை வைத்து எடுத்த காட்சிகளில் இதைவிடக் குரூரமானது இல்லை. இந்திர் அத்தை உடம்பு சரியில்லாமல் வீட்டுக்குத் திரும்பி வருகிறாள். 'கொஞ்சம் இங்கேயே இருந்துக்கறேன்' என்பதுபோலக் கேட்கிறாள். சர்வஜயா அசையவில்லை. குடிக்கத் தண்ணீர் கேட்டால், 'அங்கே இருக்கு, எடுத்துக்கோ' என்கிற தோரணை. கிழவி தானே போய் மொண்டு குடிக்கிறாள். குடித்த மிச்சத்தை ஒரு சின்னச் செடிக்கு ஊற்றுகிறாள். மெதுவாகத் திரும்பிப் பார்க்கிறாள். பிறகு தடி ஊன்றி நடந்துபோய்விடுகிறாள். அவ்வளவுதான். பின்னணி இசை ஊளையிடவில்லை. யாரும் வசனம் பேசவில்லை. ஆனால் அந்தச் செடிக்கு ஊற்றிய தண்ணீர் இருக்கிறதே, அது நம் தொண்டையில் நிற்கிறது.

அதே நேரத்தில்தான் துர்காவும் அப்புவும் ஊரைத் தாண்டி நாணல் காட்டில் ரயில் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். சந்தோஷமாகத் திரும்பும் வழியில், மூங்கில் தோப்பில் அத்தை உட்கார்ந்திருப்பதைப் பார்க்கிறார்கள். விளையாட்டாக உலுக்குகிறாள் துர்கா. கிழவி சாய்ந்து விழுகிறாள். கையிலிருந்த செம்பு உருண்டு போகிறது.

இங்கே ரே செய்திருக்கிற ஒரு காரியத்தைக் கவனிக்க வேண்டும். மூலக்கதை விபூதிபூஷண் பந்தோபாத்யாய எழுதிய நாவல். 1928-ல் பத்திரிகையில் தொடராக வந்து, 1929-ல் புத்தகமானது. நாவலில் இந்திர் அத்தை ரொம்ப முன்னாடியே, அப்பு கைக்குழந்தையாக இருக்கும்போதே செத்துப் போகிறாள். துர்காவோ கடைசிவரை ரயிலைப் பார்ப்பதே இல்லை. ரே இரண்டையும் மாற்றினார். கிழவியின் ஆயுளை நீட்டினார். ரயிலையும் மரணத்தையும் ஒரே நாளில் கொண்டுவந்து வைத்தார். அதனால் என்ன ஆயிற்று? வெளியே உலகம் எவ்வளவு பெரியது என்று பிள்ளைகள் தெரிந்துகொள்கிற அன்றைக்கே, வீட்டுக்குள் மனசு எவ்வளவு சுருங்கிவிட்டது என்பதும் நமக்குத் தெரிந்துவிடுகிறது. அந்தச் சுருக்கத்தின் முழுப் பாரமும் சர்வஜயாவின் தலையில் ஏறுகிறது.

சாதாரண டைரக்டராக இருந்தால் இதோடு அவளை வில்லி ஆக்கியிருப்பார். இல்லையென்றால் அடுத்த காட்சியிலேயே ஓவென்று அழவைத்து மன்னிப்பு வாங்கிக் கொடுத்திருப்பார். ரே இரண்டையும் செய்யவில்லை. பொறுமையாக, அவளைக் கொஞ்சம் கொஞ்சமாக அந்தக் கிழவியின் இடத்துக்கே நகர்த்துகிறார்.

எப்படி என்று சொல்கிறேன். அத்தை சாவதற்கு முன்பு ஒரு காட்சி. பக்கத்து வீட்டுப் பெண்ணின் பாசிமாலை காணவில்லை. துர்காதான் எடுத்தாள் என்று பழி. துர்கா இல்லை என்கிறாள். 'திருடிக் குடும்பம்' என்கிற மாதிரி ஒரு வார்த்தை விழுகிறது. சர்வஜயாவுக்குத் தாங்கவில்லை. மகளின் தலைமுடியைப் பற்றி இழுத்து, அடித்து, வாசலுக்கு வெளியே தள்ளிக் கதவைச் சாத்துகிறாள். அந்த அடி துர்காவுக்கு விழுந்ததா, தோட்டத்தை விட்டுக்கொடுத்த புருஷனுக்கா, ஊருக்கா? ஓங்குகிற கையைப் பார்த்தால் எல்லோருக்குமாகத்தான் தெரிகிறது. கொஞ்ச நேரத்தில் அவளே, 'அக்காவைச் சாப்பிடக் கூப்பிடு' என்று அப்புவை அனுப்புகிறாள். இதுதான் அம்மா. அடித்த கை ஆறுவதற்குள் சோறு போடுகிற கை.

பிறகு ஹரிஹர் பிழைப்புத் தேடி வெளியூர் போய்விடுகிறான். மாதக்கணக்கில் வரவில்லை. வீட்டுப் பாத்திரம் ஒவ்வொன்றாகக் கைமாறுகிறது. ஒருநாள் காற்றில், அதே தோட்டத்தில் ஒரு தேங்காய் விழுகிறது. சர்வஜயா சுற்றுமுற்றும் பார்க்கிறாள். எடுத்துக்கொள்கிறாள்.

யோசித்துப் பாருங்கள். எந்தத் தோட்டத்துக் கொய்யாவுக்காக மகளைத் திட்டினாளோ, அதே தோட்டம். எந்தத் திருட்டுப் பட்டத்துக்குக் கூசினாளோ, அதே வேலை. ரே இதைச் சொல்லிக் காட்டவில்லை. க்ளோஸப் போட்டு, 'பார்த்தீர்களா!' என்று கேட்கவில்லை. பார்க்கிறவர் பார்த்துக்கொள்ளலாம், விட்டவர் விடலாம். பசிக்கு முன்னால் நியாயம் பேசுவது எவ்வளவு வசதியான காரியம் என்று அந்த ஒரு தேங்காய் சொல்லிவிடுகிறது.

அப்புறம் மழை. துர்கா முடியை அவிழ்த்துவிட்டு நனைந்து ஆடுகிறாள். அப்பு மரத்தடியில் வெடவெடக்கிறான். காய்ச்சல் வருகிறது. அன்றிரவுப் புயலில் கதவு ஆடுகிறது, ஜன்னலில் கட்டிய சாக்கு பறக்கிறது, மாடத்துப் பிள்ளையார் நடுங்குகிறார். ஒரு கையால் கதவைப் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையால் மகளை அணைத்துக்கொண்டு அந்தப் பெண் ராத்திரியைத் தள்ளுகிறாள். பயமுறுத்துவதற்குப் பேயோ பிசாசோ இல்லாமல் எடுத்த மிகப் பயங்கரமான இரவு இது. விடியும்போது துர்கா இல்லை.

இதற்குப் பிறகு வருகிற காட்சிக்காகவே இந்தப் படம் நூறு வருஷம் இருக்கும். ஹரிஹர் ஒன்றும் தெரியாமல் திரும்பி வருகிறான். இடிந்து கிடக்கிற வீட்டைப் பார்த்து அங்கலாய்க்கிறான். சர்வஜயா பேசாமல் கால் கழுவத் தண்ணீர் கொண்டுவந்து வைக்கிறாள். அவன் உற்சாகமாக மூட்டையைப் பிரிக்கிறான். சப்பாத்திப் பலகை, குழவி, கண்ணாடி போட்ட லட்சுமி படம். கடைசியாக ஒரு புடவை. 'இது துர்காவுக்கு' என்று நீட்டுகிறான்.

அவள் அந்தப் புடவையை வாயில் கவ்விக்கொண்டு உடைகிறாள். ஆனால் நமக்கு அவள் அழுகைச் சத்தம் கேட்பதில்லை. அதற்குப் பதிலாக 'தார் ஷெனாய்' என்ற வாத்தியம் உச்சத்தில் கதறுகிறது. வில் போட்டு இழுத்து வாசிக்கிற தந்தி வாத்தியம். குரல் மாதிரியும் இருக்கும், குரல் இல்லாத மாதிரியும் இருக்கும். இசை ரவிசங்கர். ஏறக்குறைய முழுப் படத்துக்கும் ஒரே ராத்திரியில் உட்கார்ந்து வாசித்து முடித்தார்கள். ஊரே கேட்கத் திட்டிய அந்த வாயிலிருந்து, திட்ட வேண்டிய, கதற வேண்டிய நேரத்தில் சத்தம் பிடுங்கப்பட்டுவிடுகிறது.

ஹரிஹர் அப்போதுதான் அழுகிறான். படத்திலேயே முதல் தடவையாக, தான் இல்லாத நேரத்தில் வீட்டில் என்ன நடந்தது என்று அவனுக்குத் தெரிகிறது.

சர்வஜயாவாக நடித்தவர் கருணா பானர்ஜி. சினிமா நடிகை இல்லை. ரேயின் நண்பர் ஒருவரின் மனைவி, நாடக அனுபவம் மட்டும் உண்டு. சின்ன வயசு துர்காவாக வருகிற குழந்தை அவருடைய சொந்த மகள். இந்திர் அத்தையாக வந்த சுனிபாலா தேவிக்கு வயது எண்பதை ஒட்டி. எப்போதோ மேடையை விட்டு ஒதுங்கிவிட்டவரைத் தேடிப்பிடித்தார்கள். இந்த இரண்டு பேரும் எதிரெதிரே நிற்கிற காட்சிகளில் நடிப்பு என்ற ஒன்று நடக்கிற மாதிரியே தெரியாது. பெரியவர்களில் சினிமா அனுபவம் உள்ளவர் ஹரிஹராக வந்த கானு பானர்ஜி. அப்புவாக வந்த சுபீர் பானர்ஜி, வீட்டுப் பக்கத்தில் விளையாடிக்கொண்டிருந்தபோது ரேயின் மனைவி கண்ணில் பட்ட பையன். துர்காவாக நடித்த உமா தாஸ்குப்தா 2024 நவம்பரில் மறைந்தார். செய்தி வந்த அன்று, மழையில் ஆடும் அந்தப் பெண்ணுக்கு வயதாகியிருக்கும் என்று நம்பவே கஷ்டமாக இருந்தது.

படம் எடுத்த கதையை ஒரு நாவலாகவே எழுதலாம். ரே அப்போது கல்கத்தாவில் விளம்பரக் கம்பெனி ஓவியர். இந்த நாவலின் சிறுவர் பதிப்புக்குப் படம் வரைந்தபோது விழுந்த விதை. 1950-ல் லண்டன் போனபோது 'பைசைக்கிள் தீவ்ஸ்' பார்த்தார். ஸ்டுடியோவும் ஸ்டாரும் இல்லாமல் படம் எடுக்கலாம் என்ற தைரியம் வந்தது. கேமராமேன் சுப்ரதா மித்ராவுக்கு இருபத்தோரு வயது. அதுவரை சினிமா கேமராவை இயக்கியதில்லை. 1952 அக்டோபர் 27-ல் முதல் நாள் ஷூட்டிங், அந்த நாணல் காட்டில். அடுத்த வாரம் போய்ப் பார்த்தால் பூவையெல்லாம் மாடு மேய்ந்துவிட்டது! மறுபடி பூக்க ஒரு வருஷம் காத்திருந்தார்கள். கல்கத்தாவை ஒட்டிய போரால் கிராமத்தில் ஒரு பாழடைந்த வீட்டில் படப்பிடிப்பு. பணம் தீர்ந்து தீர்ந்து நின்றது. ரே தன் இன்ஷூரன்ஸ், இசைத்தட்டு, புத்தகங்களைக் காலி செய்தார். மனைவியின் நகை அடகுக்குப் போனது. (அந்த வீட்டிலும் ஒரு சர்வஜயா இருந்திருக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள்!) கடைசியில் மேற்கு வங்க அரசு கைகொடுத்தது. பெயரில் 'பாதை' இருந்ததால் சாலைக் கணக்கில் பணம் எழுதினார்கள் என்பது பிரசித்தமான கதை.

மிட்டாய்க்காரன் பின்னால் அக்கா, தம்பி, நாய் மூவரும் வரிசையாகப் போவது குளத்தில் தலைகீழாகத் தெரியுமே, ஞாபகம் இருக்கிறதா? அந்த மிட்டாய்க்காரராக நடித்தவர் நடுவில் இறந்துவிட்டார். வேறு ஆளை வைத்து முதுகுப்புறமாக எடுத்துச் சமாளித்தார்கள். இத்தனை இழுபறியிலும் அப்புவின் குரல் உடையவில்லை, துர்கா வளர்ந்துவிடவில்லை, கிழவி சாகவில்லை. இந்த மூன்றும் அதிசயம் என்று ரேயே சொல்லியிருக்கிறார்.

1955-ல் படம் வந்தது. 1956-ல் கான் விழாவில் 'சிறந்த மனித ஆவணம்' என்ற விருது. ஆவணமாம்! கண்ணீரையும் கோபத்தையும் அளந்து அளந்து வைத்த ஒரு கதைக்கு அந்தப் பெயர் பொருத்தம்தானா என்று எனக்கு எப்போதும் ஒரு சந்தேகம் உண்டு.

குறையே இல்லையா? இருக்கிறது. முதல் பகுதியில் சில இடங்களில் காட்சிக்குக் காட்சி தாவுவதில் ஒரு தடுமாற்றம் தெரியும். கற்றுக்கொண்டே எடுத்த படம். பக்கத்து வீட்டு அம்மாள் சில நேரம் மேடை நாடகத்தில் ஏசுவதுபோல ஏசுகிறார். ஆனால் அவரையும் ரே கைவிடவில்லை. கடைசியில் குடும்பம் ஊரைக் காலி செய்யும்போது, அதே தோட்டத்துப் பழத்தைக் கொண்டுவந்து கொடுத்துவிட்டு அவர் நிற்கிற நிலை இருக்கிறதே... மனுஷரை யார் கெட்டவராக்கியது என்ற கேள்வி அங்கேயும் தொங்குகிறது.

1980-ல் நடிகையும் எம்.பி.யுமான நர்கிஸ், ரே இந்தியாவின் வறுமையை வெளிநாட்டுக்கு ஏற்றுமதி செய்கிறார் என்று குற்றம் சாட்டினார். பெரிய சர்ச்சை ஆனது. இன்றைக்கும் அதைச் சொல்கிறவர்கள் உண்டு. வறுமையை விற்கிறவன் ஏழையைப் புனிதனாக்கிக் காட்டுவான். 'ஐயோ பாவம்' என்று உச்சுக்கொட்ட வைப்பான். ரேயின் ஏழை அப்படிப்பட்டவள் இல்லை. அவள் கிழவிக்குத் தண்ணீர் எடுத்துக் கொடுக்க மாட்டாள். பெற்ற பெண்ணை முடியைப் பிடித்து இழுப்பாள். அவளிடம் பரிதாபப்படுவது சுலபமில்லை. அவளைப் புரிந்துகொள்ளத்தான் முடியும். பரிதாபத்தை வேண்டுமானால் ஏற்றுமதி செய்யலாம். இதை எப்படிச் செய்வது?

நமக்கும் இந்தக் கதைக்கும் ஒரு சின்ன உறவு உண்டு. நாவலைத் தமிழுக்குக் கொண்டுவந்தவர் ஆர்.சண்முகசுந்தரம். 1942-ல் 'நாகம்மாள்' எழுதிய கொங்குநாட்டுக்காரர். ஊர் வாய்க்கு அஞ்சாமல் தன் பங்கு நிலத்தைக் கேட்ட ஒரு கடுமையான பெண்ணைப் படைத்தவர், சர்வஜயாவையும் தமிழ் பேசவைத்தார் என்பது பொருத்தமாகத்தான் இருக்கிறது.

வீட்டைக் காலி செய்கிறார்கள். பரணில் சாமான் எடுக்கும்போது, ஒரு சிரட்டைக்குள் அந்தப் பாசிமாலை அப்புவின் கையில் கிடைக்கிறது. ஆக, எடுத்தது துர்காதான்! அவன் யாரிடமும் சொல்லவில்லை. ஓடிப்போய்க் குளத்தில் எறிகிறான். பாசி விலகி, மெதுவாகத் திரும்ப மூடிக்கொள்கிறது.

எல்லோரும் இதை அக்கா மீது தம்பி வைத்த பாசம் என்பார்கள். வாஸ்தவம்தான். எனக்கு இன்னொன்றும் தோன்றும். அந்த மாலை அம்மா கண்ணில் பட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும்? 'நான் அடித்தது நியாயம்தான்' என்ற ஆறுதல் கிடைத்திருக்குமா, இல்லை 'இத்தனை ஆசைப்பட்ட குழந்தைக்கு ஒரு பாசிமாலை வாங்கித் தர முடியலையே' என்று இன்னொரு தடவை செத்திருப்பாளா? அப்பு அவளை இந்த இரண்டிலிருந்தும் காப்பாற்றிவிட்டான். அவனுக்கே தெரியாமல்.

மாட்டுவண்டி கிளம்புகிறது. காலியான வீட்டுக்குள் ஒரு பாம்பு நுழைகிறது. சர்வஜயா வண்டிக்குள் அழுதபடி இருக்கிறாள்.

அவள் கதை அதோடு முடியவில்லை. அடுத்த படம் 'அபராஜிதோ' 1956-ல் வந்தது. அதில் அப்பு படிக்கக் கல்கத்தா போய்விடுவான். சர்வஜயா கிராமத்தில் தனியாக, நோயோடு, மகன் வருவான் என்று காத்திருந்து காத்திருந்து செத்துப்போவாள். பக்கத்தில் யாரும் இல்லாமல். இந்திர் அத்தையைப் போலவே!

1993-ல் லண்டனில் ஒரு லேப் தீப்பிடித்ததில் இந்தப் படங்களின் மூல நெகடிவ்கள் கருகிப்போயின. வெந்தது போக மிஞ்சியதை ஃப்ரேம் ஃப்ரேமாகச் சீர்செய்து, கிடைக்காததை வேறு பிரதிகளிலிருந்து சேர்த்து 2015-ல் திரும்பக் கொண்டுவந்தார்கள். அந்தப் பிரதி பளிச்சென்று இருக்கிறது. அதைத் தேடிப் பாருங்கள்.

முன்பே பார்த்தவராக இருந்தால் இந்தத் தடவை ரயிலை விட்டுவிடுங்கள், அது எங்கேயும் ஓடிவிடாது. சர்வஜயாவின் முகத்தை மட்டும் பாருங்கள். கிழவி செடிக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டுத் திரும்பும்போது, சர்வஜயாவின் பார்வை ஒரு விநாடி எங்கே போகிறது என்று கவனியுங்கள். பார்த்து முடித்த பிறகு, உங்கள் வீட்டில் இத்தனை வருஷமாக 'கெட்டவர்' வேலையைப் பார்த்துக்கொண்டிருப்பது யார் என்று யோசித்துப் பாருங்கள். அவர் பக்கத்து அறையில்தான் இருப்பார், ஏதாவது கணக்குப் பார்த்துக்கொண்டு.